ஆனந்த ஜோதிக்கும் அரங்கேற்றத்துக்கும் நடுவில் 10 வருஷம்: குழந்தை நட்சத்திரங்கள் வளர்ந்த பிறகு என்ன ஆகிறது?

(எபிசோடின் திருத்தப்பட்ட எழுத்து வடிவம். படிக்க வசதியாகச் சில இடங்கள் சுருக்கப்பட்டுள்ளன.)

இன்னைக்கு ஒரு கழித்தல் கணக்கிலிருந்து ஆரம்பிப்போம். 'ஆனந்த ஜோதி' வந்தது 1963-ல். 'அரங்கேற்றம்' வந்தது 1973-ல். முதல் படத்துல எம்.ஜி.ஆரோட நடிச்சப்போ கமல்ஹாசனுக்கு 8 வயசு. ரெண்டாவது படத்துல கே. பாலசந்தர் இயக்கத்துல நடிக்கும்போது 18. நடுவுல 10 வருஷம். அந்த 10 வருஷம் அவர் என்ன பண்ணிட்டு இருந்தார்?

கமல் நடிச்ச படங்களைப் பத்தி ஆயிரம் வீடியோ இருக்கு. அவர் நடிக்காத இந்த வருஷங்களைப் பத்திப் பேசுறவங்க கம்மி. குழந்தை நட்சத்திரமா இருந்த ஒருத்தரோட பிற்கால வாழ்க்கை பெரும்பாலும் இந்த மாதிரி ஒரு இடைவெளியிலதான் முடிவாகுது. அதனால இன்னைக்கு அந்த இடைவெளிதான் நம்ம சப்ஜெக்ட். கூடவே, இதே வயசை வேற மாதிரி கடந்த சில பேரையும் பார்ப்போம். கடைசியில சட்டம் என்ன சொல்லுது, பணம் யாருக்குப் போகுதுன்னு பார்ப்போம். வீட்ல நல்லா பேசுற, ஆடுற குழந்தை இருக்கறவங்க அந்தக் கடைசிப் பகுதியை மட்டுமாவது கேட்டுடுங்க.

அஞ்சு வயசுல உச்சி

'களத்தூர் கண்ணம்மா' 1960 ஆகஸ்ட்ல வெளியாச்சு. ஏவி.எம். தயாரிப்பு, இயக்கம் ஏ. பீம்சிங். ஜெமினி கணேசனும் சாவித்திரியும் ஜோடி. பெற்றோர் யார்னு தெரியாம வளர்ற செல்வம்ங்கிற பையனா அஞ்சு வயசு கமல். படம் ஓடினதுக்கு அந்தப் பையன் ஒரு முக்கியக் காரணம்.

அதுக்கப்புறம் மூணு வருஷத்துக்குள்ள 'பார்த்தால் பசி தீரும்', 'பாத காணிக்கை', 'வானம்பாடி', 'ஆனந்த ஜோதி', மலையாளத்துல 'கண்ணும் கரளும்'. இதுல 'பார்த்தால் பசி தீரும்' படத்துல ரெட்டை வேஷம் வேற. யோசிச்சுப் பாருங்க, ஒன்பது வயசு முடியறதுக்குள்ள ஜெமினி, சிவாஜி, எம்.ஜி.ஆர்னு அன்னைக்கு உச்சத்துல இருந்த மூணு பேரோடவும் நடிச்சாச்சு. ஒரு வளர்ந்த நடிகனுக்கு அது வாழ்நாள் கனவு. இவருக்கு அது ஆரம்பப் பள்ளிக் காலத்துலயே முடிஞ்சு போச்சு.

அப்புறம் நின்னு போச்சு. திறமை குறைஞ்சதால நிக்கல. பையன் வளர்ந்துட்டான், அவ்வளவுதான்.

ஏன் நிக்குது?

ஒரு சினிமாக் கதையில குழந்தைக்கு இருக்கற வேலை என்னன்னு பாருங்க. பிரிஞ்ச அப்பா அம்மாவைச் சேர்த்து வைக்கணும், இல்ல தொலைஞ்சு போகணும், இல்ல பெரியவங்க சொல்லத் தயங்குற உண்மையைப் பட்டுனு சொல்லணும். இந்த வேலைக்கு 4 வயசுலேருந்து 9 வயசு வரைக்கும் உள்ள ஒரு முகம் வேணும். காதலிக்கிற வேலைக்கு 18-க்கு மேல ஒரு முகம் வேணும். நடுவுல 10-லேருந்து 17 வரைக்கும் உள்ள பிள்ளைக்கு நம்ம கதைகள்ல வேலையே கிடையாது. அதிகபட்சம் ஹீரோவோட தங்கச்சி, இல்ல ஃப்ளாஷ்பேக்ல சின்ன வயசு ஹீரோ.

இது சினிமா கண்டுபிடிச்ச பிரச்சினை இல்ல. நம்ம ஊர் நாடகத்துல இதுக்குப் பழைய வரலாறு உண்டு. பாய்ஸ் கம்பெனின்னு சொல்ற பாலர் நாடக சபாக்கள்ல சின்னப் பசங்களை வச்சே நாடகம் போட்டாங்க. எம்.ஜி.ஆர்., சிவாஜி ரெண்டு பேருமே சிறுவர்களா இப்படிப்பட்ட கம்பெனிகள்ல சேர்ந்து வளர்ந்தவங்கதான். அங்க பெண் வேஷம் கட்டி, உச்ச ஸ்தாயியில பாடிக்கிட்டிருந்த பையனுக்கு ஒரு நாள் தொண்டை கட்டும். குரல் உடையும். அதுக்கு 'மகரக்கட்டு'ன்னு பேர். மகரக்கட்டு வந்துட்டா, நேத்து வரைக்கும் கைதட்டல் வாங்கின பையன் இன்னைக்கு ஓரத்துல நிக்கணும்.

சினிமாவுல குரல் மட்டும் உடையறதில்ல. உயரம், முகம், பல்வரிசை எல்லாமே மாறுது. ஆனா திரையில இருக்கற குழந்தை மாறவே மாறாது. டிவியில 'களத்தூர் கண்ணம்மா' போடும்போதெல்லாம் அந்தப் பையனுக்கு அஞ்சு வயசுதான். வளர்ந்தவர் தன்னோட பழைய முகத்தோடவே போட்டி போட வேண்டியிருக்கு. மத்த புதுமுகங்களுக்கு இந்தத் தொல்லை இல்ல.

அந்த 10 வருஷம்

கமல் எங்க போனார்னு இப்போ பார்ப்போம். டி.கே.எஸ். நாடக சபாவுக்குப் போனார். டி.கே. சண்முகம் அந்த சபாவோட முக்கியமான தூண். ஔவையார் வேஷம் கட்டிப் பேர் வாங்கினதால 'ஔவை' சண்முகம்னே அழைக்கப்பட்டவர். 1996-ல் கமல் தன்னோட படத்துக்கு 'அவ்வை சண்முகி'ன்னு பேர் வச்சது இந்த குருவை மனசுல வச்சுத்தான்.

சினிமாவுல குழந்தைகிட்ட யாரோ சொல்லிக்கொடுப்பாங்க, குழந்தை திருப்பிச் செய்யும். சரியா வரலைன்னா இன்னொரு டேக். நல்லா வந்த துண்டுகளை எடிட்டர் கோத்துக் கொடுப்பார். நாடகத்துல அந்த வசதி கிடையாது. வசனம் மறந்தா நீயே சமாளிக்கணும். கூட நடிக்கிறவர் பேசும்போது நீ எங்க நிக்கணும், எப்ப திரும்பணும் எல்லாம் உன் பொறுப்பு. மேக்கப் எப்படிப் போடுறாங்க, திரை எப்ப விழுது, கூட்டம் எப்ப சலிச்சுக்குதுன்னு தினமும் கண் முன்னால தெரியும். குழந்தையா இருந்தப்போ தானா வந்த ஒண்ணை, தெரிஞ்சு செய்யற தொழிலா மாத்துற இடம் அது.

அப்புறம் நடனம். பரதநாட்டியம் கத்துக்கிட்டார். சினிமாவுல தங்கப்பன் மாஸ்டர்கிட்ட உதவி டான்ஸ் மாஸ்டரா சேர்ந்தார். 1971-ல் தங்கப்பன் இயக்கின 'அன்னை வேளாங்கண்ணி'யிலயும் அவரோட வேலை செஞ்சார். ஒரு காலத்துல மூணு பெரிய ஹீரோக்களோட நடிச்ச பையன், இப்போ மத்த நடிகர்களுக்கு ஸ்டெப் சொல்லிக்கொடுக்கிற இடத்துல நிக்கிறார். கௌரவம் பார்க்கிற ஆளா இருந்தா இந்த வேலைக்கு வந்திருக்கவே மாட்டார்.

1970-ல் 'மாணவன்' படத்துல ஒரு பாட்டுல மட்டும் வந்து ஆடிட்டுப் போவார். கூட ஆடுறது குட்டி பத்மினி. ரெண்டு முன்னாள் குழந்தை நட்சத்திரங்கள், ரெண்டு பேரும் டீன் ஏஜ்ல, ஒரே பாட்டுல. இந்தப் பாட்டை இன்னைக்குப் பார்த்தா, அந்த நடு வயசுப் பிள்ளைகளுக்கு சினிமா ஒதுக்குற இடம் எவ்வளவுன்னு புரியும்: ஒரு பாட்டு.

1973-ல் 'அரங்கேற்றம்'. 1974-ல் மலையாளத்துல 'கன்னியாகுமரி'யில கதாநாயகன். அதே வருஷம் தமிழ்ல 'அவள் ஒரு தொடர்கதை'யில ஒரு துணைப் பாத்திரம். 1975-ல் 'அபூர்வ ராகங்கள்'. அதுக்கப்புறம் நடந்தது உங்களுக்கே தெரியும். 'மூன்றாம் பிறை', 'நாயகன்', 'இந்தியன்'னு மூணு தேசிய விருது. டிவிக்கு வந்தது ரொம்ப லேட்டா, 2017-ல் 'பிக் பாஸ்' தொகுப்பாளரா. அஞ்சு வயசுல ஆரம்பிச்சவர், அறுபது தாண்டினப்புறம் வேற ஒரு திரையில புதுசா ஒரு வேலை ஆரம்பிச்சார்.

எங்க சாஃப்ட்வேர் பாஷையில சொன்னா, பழைய கோடுக்கு மேல பேட்ச் போட்டுக்கிட்டே போகல, அடியிலேருந்து திருப்பி எழுதினார். ஆனா இதுக்கு ஒரு விலையும் இருந்தது. பள்ளிப் படிப்பு பாதியில நின்னுச்சு. கமல் ஜெயிச்சதால அது இன்னைக்கு ஒரு சுவாரசியமான தகவல் மாதிரி தெரியுது. ஜெயிக்காத ஒரு பையனுக்கு அதே விஷயம் வாழ்நாள் பிரச்சினை. இதை மறந்துட்டு "பாரு, கமல் படிச்சாரா?"ன்னு கேக்கறது கணக்குல தப்பு. லாட்டரியில ஜெயிச்சவரை மட்டும் பார்த்துட்டு டிக்கெட் வாங்குற மாதிரி.

வேற வழிகள்ல போனவங்க

ஸ்ரீதேவியை எடுத்துக்குவோம். பிறந்தது 1963 ஆகஸ்ட். 1969-ல் 'துணைவன்' படத்துல பால முருகன். அவங்களுக்கு இடைவெளியே கிடையாது. 1976-ல் 'மூன்று முடிச்சு' வெளியானப்போ அவங்கதான் கதாநாயகி. ஜோடி கமல், ரஜினி. அப்போ ஸ்ரீதேவிக்கு 13 வயசு. இன்னொரு தடவை சொல்றேன், பதிமூணு. கமல் 10 வருஷம் எடுத்துக்கிட்ட தூரத்தை இவங்க ஒரே தாண்டா தாண்டினாங்க. சரியா சொல்லணும்னா, தாண்ட வச்சாங்க. அந்தப் படம் நல்ல படம், அவங்க நடிப்பும் அபாரம். ஆனா எட்டாவது படிக்க வேண்டிய ஒரு பொண்ணு கல்யாணம், வஞ்சம், மறுமணம்னு ஒரு கதையைச் சுமந்துக்கிட்டு நிக்குதுங்கிறதை மறந்துட்டு அதைப் பார்க்க முடியல.

1982-ல் 'மூன்றாம் பிறை'யில, விபத்துல நினைவு போய் குழந்தை மனசோட இருக்கற பொண்ணா நடிச்சாங்க. பக்கத்துல கமல். குழந்தைப் பருவத்தை கேமரா முன்னாடி கழிச்ச ரெண்டு பேர் சேர்ந்து, குழந்தையா மாறிட்ட ஒருத்தியோட கதையை நடிக்கிறாங்க. அந்தப் படத்தை இந்தக் கண்ணோட ஒரு தடவை பாருங்க.

அடுத்து ஷாலினி. 1983-ல் ஃபாசில் இயக்கின ஒரு மலையாளப் படத்துல குழந்தையா வந்து, தமிழ்லயும் 'பேபி ஷாலினி'யா வீட்டுக்கு வீடு தெரிஞ்ச முகம் ஆனாங்க. அப்புறம் சில வருஷம் ஒதுங்கிப் படிச்சாங்க. 1997-ல் அதே ஃபாசில் 'அனியத்திப்ராவு'ல கதாநாயகியா திரும்பக் கொண்டுவந்தார். அதே வருஷம் அதோட தமிழ் வடிவமா 'காதலுக்கு மரியாதை'. 'அமர்க்களம்', 'அலைபாயுதே' முடிச்சு, 2000-ல் கல்யாணம், அதோட நடிப்புக்கு முற்றுப்புள்ளி. நுழையறதும் விலகறதும் ரெண்டாவது ரவுண்டுல அவங்க கையில இருந்தது.

அவங்க தங்கச்சி ஷாமிலி. 1990-ல் 'அஞ்சலி'. அந்தப் படத்துக்காக தேசிய விருது. அதுக்கப்புறம் 2009-ல் தெலுங்குல 'ஓய்', 2016-ல் தமிழ்ல 'வீர சிவாஜி'. ரெண்டும் பெரிசா எடுபடல. இப்போ ஓவியரா கண்காட்சிகள் வைக்கிறாங்க. இதைத் தோல்விக் கதையா எழுதுறவங்க உண்டு. எனக்கு அப்படித் தோணல. மூணு வயசுல செஞ்ச வேலையை ஒருத்தர் முப்பது வயசுலயும் செய்யணும்னு நாம ஏன் எதிர்பார்க்கணும்?

மகேந்திரன் இன்னொரு மாதிரி. 1994-ல் 'நாட்டாமை'யில வந்த குட்டிப் பையன். 2013-ல் 'விழா'வுல கதாநாயகன். பெரிய கவனம் கிடைச்சது 2021-ல், 'மாஸ்டர்' படத்துல சின்ன வயசு பவானியா. நடுவுல 27 வருஷம். 'மாஸ்டர் மகேந்திரன்'ங்கிற பேரை உதறப் பார்த்தவருக்கு 'மாஸ்டர்'னு ஒரு படம்தான் திருப்பம் தந்ததுன்னா, விதிக்கும் நகைச்சுவை உணர்வு இருக்குன்னு அர்த்தம்.

குட்டி பத்மினி: டிவிங்கிற கதவு

இந்தப் பட்டியல்ல எனக்கு ரொம்ப சுவாரசியமா பட்டது குட்டி பத்மினி. 1965-ல் ஏவி.எம். தயாரிச்சு, கிருஷ்ணன்–பஞ்சு இயக்கின 'குழந்தையும் தெய்வமும்'. பிரிஞ்சு போன பெற்றோரைச் சேர்த்து வைக்கிற இரட்டைக் குழந்தைகளா நடிச்சது இவங்கதான். மூலக்கதை எரிக் கெஸ்ட்னர்ங்கிற ஜெர்மன் எழுத்தாளரோடது, ஹாலிவுட் வழியா நமக்கு வந்தது. அதே கதை 1966-ல் தெலுங்குக்குப் போனப்பவும் இவங்கதான். 1968-ல் ஹிந்திக்கு 'தோ கலியான்'னு போனப்போ அந்த வேஷம் பேபி சோனியாவுக்கு. அந்த சோனியாதான் பின்னால நீது சிங்.

ஒரே வேஷம், ரெண்டு குழந்தைகள். ஒருத்தர் ஹிந்தியில கதாநாயகி ஆனாங்க. இன்னொருத்தர் தமிழ்ல குணச்சித்திர வேஷங்கள்ல நடிச்சாங்க, ஆனா கதாநாயகிங்கிற இடத்துல நிலைக்கல. சரி, அதோட முடிஞ்சதா? இல்ல. சாட்டிலைட் டிவி வந்த காலத்துல தயாரிப்பாளரா மாறினாங்க. 2000-ல் சன் டிவியில வந்த 'கிருஷ்ணதாசி' அவங்க தயாரிப்பு, இந்திரா சௌந்தர்ராஜன் கதை. 2015-ல் கலைஞர் டிவியில வந்த 'ஸ்ரீராமானுஜர்' தொடரும் அவங்க தயாரிப்பு. அதுக்கு எழுதினவர் அப்போ தொண்ணூறைத் தாண்டியிருந்த மு. கருணாநிதி.

குழந்தையா செட்டுல வளர்ந்தவங்களுக்கு நடிப்பைத் தாண்டி இன்னொண்ணு தெரிஞ்சிருக்கும்: செட்டு எப்படி ஓடுது, பணம் எங்க வீணாகுது, யார் வேலை தெரிஞ்சவங்க. அந்த அறிவுக்கு வயசாகறதில்ல. முகத்தை வித்து வாழ முடியாத காலத்துல குட்டி பத்மினி அந்த அறிவை முதலீடாக்கினாங்க. பேருக்கு முன்னாடி இருந்த 'குட்டி'யையும் எடுக்கல. அதுவே பிராண்ட் ஆயிடுச்சு.

யாரும் பேசாத பகுதி

'களத்தூர் கண்ணம்மா' கதைக்குத் திரும்பி ஒரு விஷயம். செல்வம் வேஷத்துக்கு முதல்ல யோசிச்சது கமலை இல்ல. அன்னைக்கு ஹிந்தியில பிரபலமா இருந்த டெய்சி இரானியை. பையன் வேஷத்துல கலக்கிட்டு இருந்த சின்னப் பொண்ணு.

2018-ல் டெய்சி இரானி ஒரு பேட்டியில வெளிப்படையா சொன்னாங்க. ஆறு வயசுல ஒரு ஹிந்திப் படத்தோட ஷூட்டிங்குக்காக சென்னைக்கு வந்திருந்தப்போ, பாதுகாப்புக்குன்னு கூட அனுப்பப்பட்ட ஆளே அவங்களைப் பாலியல் வன்முறைக்கு ஆளாக்கினார். அறுபது வருஷம் கழிச்சு இதைச் சொன்னதுக்கு அவங்க கொடுத்த காரணம்: சினிமா, டிவிக்குக் குழந்தைகளை அனுப்புற பெற்றோர் உஷாரா இருக்கணும்.

அந்த வருஷங்கள்ல தியேட்டர்ல அந்தக் குழந்தையோட குறும்பைப் பார்த்து நாடே சிரிச்சுக்கிட்டு இருந்தது. குழந்தை நட்சத்திரம்னு பேசும்போது நாம விருதையும் மார்க்கெட்டையும் மட்டும் பேசிட்டுப் போயிடக் கூடாதுன்னு நான் நினைக்கறதுக்கு இதுதான் காரணம்.

பணம் யாருக்கு?

அமெரிக்காவுல ஜாக்கி கூகன்னு ஒரு பையன். 1921-ல் சாப்ளினோட 'தி கிட்' படத்துல நடிச்சவன். லட்சக்கணக்கான டாலர் சம்பாதிச்சான். வளர்ந்தப்புறம் "என் பணம் எங்கே?"ன்னு கேட்டா, அம்மாவும் மாற்றாந்தகப்பனும் பெரும்பகுதியைச் செலவழிச்சிருந்தாங்க. அன்னைக்குச் சட்டப்படி பிள்ளையோட சம்பாத்தியம் பெற்றோருக்குத்தான். 1938-ல் வழக்குப் போட்டார். கடைசியில கைக்கு வந்தது சுமார் 1,26,000 டாலர். அந்த வழக்கு கிளப்பின கோபத்துல 1939-ல் கலிஃபோர்னியா ஒரு சட்டம் போட்டது. இன்னைக்கும் அதுக்கு 'கூகன் சட்டம்'னுதான் பேர். இப்போ அந்த மாநிலத்துல குழந்தை நடிகரோட வருமானத்துல 15 சதவீதத்தைத் தனிக் கணக்குல போட்டே ஆகணும். கூகனும் பின்னால டிவிக்கு வந்தார். 1960-கள்ல 'தி ஆடம்ஸ் ஃபேமிலி'யில வர்ற மொட்டைத் தலை மாமா அவர்தான்.

நம்ம நாட்டுல? 2016-ல் குழந்தைத் தொழிலாளர் சட்டத்துல திருத்தம் வந்தது. 14 வயசுக்குக் கீழ யாரையும் எந்த வேலையிலயும் வைக்கக் கூடாதுன்னு சொல்லிட்டு, ரெண்டே விதிவிலக்கு கொடுத்தாங்க. ஒண்ணு, பள்ளி நேரம் போக, ஆபத்தில்லாத குடும்பத் தொழில்ல உதவி. ரெண்டாவது, சினிமா, டிவி, விளம்பரம் மாதிரி இடங்கள்ல கலைஞரா இருக்கறது. 2017-ல் வந்த விதிகள் இதுக்கு நிபந்தனை போட்டது. எளிமையா சொல்றேன்:

ஒரு நாளைக்கு 5 மணி நேரத்துக்கு மேல வேலை கூடாது. இடைவேளை இல்லாம 3 மணி நேரத்துக்கு மேல கூடாது.

தொடர்ந்து 27 நாளுக்கு மேல கூடாது. பள்ளிப் பாடம் விட்டுப் போகாம பார்த்துக்க வேண்டியது தயாரிப்பாளர் பொறுப்பு.

ஷூட்டிங் நடக்கற மாவட்டத்தோட கலெக்டர்கிட்ட முன்கூட்டியே அனுமதி வாங்கணும். குழந்தைகள் பட்டியல், பெற்றோர் சம்மதம், பாதுகாப்புக்கு யார் பொறுப்புங்கிற விவரம் எல்லாம் கொடுக்கணும்.

அஞ்சு குழந்தைக்கு ஒரு பொறுப்பாளராவது இருக்கணும்.

குழந்தைக்கு இஷ்டம் இல்லைன்னா நடிக்க வைக்கக் கூடாது. அம்மா அப்பாவுக்கு இஷ்டம்ங்கிறது மட்டும் போதாது.

வருமானத்துல குறைஞ்சது 20 சதவீதம் குழந்தை பேர்ல தேசிய வங்கியில ஃபிக்ஸட் டெபாசிட். 18 வயசு ஆனப்புறம் அது பிள்ளைக்கு.

கணக்குப் போட்டுப் பார்ப்போம். ஒரு குழந்தைக்கு நாளைக்கு 5,000 ரூபாய், 10 நாள் ஷூட்டிங்னு வச்சுக்குவோம். 50,000. அதுல 10,000 டெபாசிட். 10 வயசுல போட்டு, 7 சதவீத வட்டியில 8 வருஷம் விட்டா சுமார் 17,000. ஒரு செமஸ்டர் ஃபீஸுக்கே பத்துமான்னு சந்தேகம். மீதி 40,000 பத்தி இந்த விதி எதுவும் சொல்லல. அது பெற்றோரோட மனசாட்சி. அதனால 20-ங்கிறது சட்டம் சொல்ற குறைந்தபட்சம். 80 போடக் கூடாதுன்னு யாரும் தடுக்கல.

நம்ம ஊருக்கு இதெல்லாம் எதுக்கு?

நைனார்பாளையத்துல எங்க தெருவுல ஒரு அக்கா இருக்காங்க. அவங்க பொண்ணு ரெண்டாவது படிக்குது. வடிவேலு டயலாக்குக்கு வாயசைச்சு ரீல்ஸ் போடும், சும்மா சொல்லக் கூடாது, டைமிங் அபாரம். ஒரு நாள் அக்கா போன் பண்ணாங்க. "தம்பி, சென்னையிலிருந்து ஒருத்தர் பேசினார். பாப்பாவை சீரியலுக்கு எடுத்துக்கறாங்களாம். போட்டோ எடுக்கவும் பேர் பதியவும் மட்டும் 15,000 அனுப்பச் சொல்றார். நீ கம்ப்யூட்டர்ல பார்த்துச் சொல்லேன், நெசமா?"

கம்ப்யூட்டர்ல பார்க்கவே தேவையில்லை. வேலை கொடுக்கிறவங்க வேலை செய்யறவங்களுக்குப் பணம் கொடுப்பாங்க. முதல்ல பணம் கேட்டா அது வேலை இல்ல. நான் அக்காவைக் கேட்கச் சொன்னது ரெண்டே கேள்வி: "எந்த மாவட்டத்துல ஷூட்டிங், கலெக்டர் அனுமதி நகல் கொடுப்பீங்களா? பாப்பா பேர்ல டெபாசிட் எந்த பேங்க்ல போடுவீங்க?" அக்கா கேட்டாங்க. அந்த நம்பர்லேருந்து திரும்ப போன் வரல.

எல்லா போனும் மோசடியா இருக்காது. உண்மையான வாய்ப்பும் வரலாம். அப்பவும் இதே ரெண்டு கேள்வியைக் கேளுங்க. முறையா நடத்தறவங்க கோச்சுக்க மாட்டாங்க, பேப்பரை எடுத்துக் காட்டுவாங்க. ஷூட்டிங் சென்னையில நடந்தா சென்னை கலெக்டர் அனுமதி. கல்வராயன் மலையில வந்து எடுத்தாங்கன்னா நம்ம கள்ளக்குறிச்சி கலெக்டர் அனுமதி. குழந்தையைத் தனியா அனுப்பாதீங்க. "எங்க ஆளு பார்த்துப்பாங்க"ன்னு சொன்னா டெய்சி இரானியை நினைச்சுக்கோங்க. அம்மாவோ அப்பாவோ கண் பார்க்கிற தூரத்துல இருங்க. ஏதாவது தப்பா பட்டா 1098-க்குக் கூப்பிடுங்க, குழந்தைகளுக்கான இலவச உதவி எண்.

ரீல்ஸ் பத்தியும் ஒரு வார்த்தை. 2017 விதிகள் 'தயாரிப்பாளர்'னு ஒருத்தரை மையமா வச்சு எழுதப்பட்டது. வீட்ல அம்மாவே கேமரா, அப்பாவே எடிட்டிங்னா, அங்க தயாரிப்பாளர் நீங்கதான். அப்போ அந்த விதிகளை நீங்களே உங்க மேல போட்டுக்கலாமே. பாப்பாவுக்கு இன்னைக்கு மூடு இல்லைன்னா கேமராவை வைங்க. விளம்பரப் பணம் வந்தா பாப்பா பேர்ல போடுங்க. அது வளர்ந்து 16 வயசுல "இந்த வீடியோவை எடுத்துடு"ன்னு சொன்னா எடுத்துடுங்க.

கடைசியா மூணு விஷயம்

இவ்வளவு பேரோட வாழ்க்கையைப் பக்கத்துல பக்கத்துல வச்சுப் பார்த்தப்போ எனக்குத் தெரிஞ்சது இது. முதல்ல, நடு வயசுல வர்ற இடைவெளி ஒரு தண்டனை இல்ல. கமலுக்கு அது பட்டறை, ஷாலினிக்குப் பள்ளிக்கூடம். அந்த நேரத்தை யார், எப்படிச் செலவழிச்சாங்கங்கிறதுதான் பின்னால தெரிஞ்சது. ரெண்டாவது, முகத்தைத் தாண்டி கையில ஒரு தொழில் இருந்தா விழுந்தாலும் நிக்கலாம். நடனம், தயாரிப்பு, ஓவியம், எதுவா வேணா இருக்கலாம். மூணாவது, 'போதும்'னு சொல்ற உரிமை குழந்தைக்கு இருக்கணும். சட்டம் அதை எழுதி வச்சிருக்கு. வீட்ல அதை நடைமுறைப்படுத்த வேண்டியது நாமதான்.

இந்த வாரம் ஒரு வேலை வச்சுக்கோங்க. 'குழந்தையும் தெய்வமும்' பாருங்க, அப்புறம் 'மூன்று முடிச்சு' பாருங்க. ரெண்டுலயும் திரையில இருக்கற பிள்ளைக்கு அப்போ என்ன வயசுன்னு மனசுல ஒரு ஓரத்துல வச்சுக்கிட்டே பாருங்க. என்ன தோணுச்சுன்னு எழுதுங்க, அடுத்த எபிசோட்ல படிக்கிறேன். இந்த எபிசோடை, வீட்ல சின்னக் குழந்தை வச்சிருக்கிற ஒருத்தருக்காவது அனுப்பி வைங்க.